சலிக்காத முதுகு

உக்கிரபாண்டி ராமுத்தாய்க்கு நாற்பத்தைந்தாயிரம் ரூபாய் கடன்பட்டிருந்தார். அவள் கழுத்தில் கிடந்த இரண்டு பவுன் சங்கிலியை விற்ற காசு. வாங்கி ஒன்பது வருஷமாயிற்று.

போடியில் அவர் பெயரைச் சொன்னால் தெரியாதவர் கிடையாது. ஐந்தாம் வகுப்பைத் தாண்டாத மனுஷன். முப்பது வருஷம் ஏலத்தோட்டத்துக்கு ஜீப்பில் பெண்களை ஏற்றிப் போனவர். போடிமெட்டு வளைவுகளில் ஒரு தடவைகூட வண்டியைக் கவிழ்த்தவரில்லை. பிள்ளைகள் வெளிநாட்டுக்குப் போய், பெற்றவர்கள் வீட்டுக்கு வீடு படுக்கையில் கிடந்ததைப் படித்தவர்களெல்லாம் பார்த்துக்கொண்டுதான் இருந்தார்கள். அதில் ஒரு தொழில் இருப்பதைக் கண்டவர் அவர்தான். நோயாளிகளை வீட்டிலேயே இருந்து பார்த்துக்கொள்ள ஆள் அனுப்பும் சென்னைக் கம்பெனி ஒன்று, தன் பெயரில் போடியில் கிளை நடத்த ஆள் தேடியது. ஜீப்பை விற்றும் டெபாசிட்டுக்குத் துண்டு விழுந்தது. அவர் ஜீப்பில் தோட்டத்துக்குப் போய்வந்த ராமுத்தாய் சங்கிலியைக் கழற்றிக் கொடுத்தாள்.

நர்ஸ் படித்த பிள்ளைகளை அவர் தேடி அலையவில்லை. தன் ஜீப்பில் வந்த பெண்களையே கூப்பிட்டார். ஏலக்காய் செடியின் தூரில், மண்ணை ஒட்டிக் காய்ப்பது. நாள் முழுக்கக் குனிந்து, பிஞ்சு நோகாமல் பழுத்ததை மட்டும் எடுக்கிற கைகள் அவை.

"குனிஞ்ச முதுகு சலிக்காது சார்" என்று சென்னை அதிகாரிக்கே பாடம் சொன்னார்.

முதல் ஆளாய்ப் போனவள் ராமுத்தாய். தூக்கினாள், குளிப்பாட்டினாள், படுக்கைப்புண் வராமல் இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தரம் புரட்டிவிட்டாள். பின்னால் வந்த நூற்றுப்பத்துப் பெண்களுக்கும் அவள்தான் சொல்லிக்கொடுத்தாள். தேவாரம், சின்னமனூர், கம்பம் என்று கிளை நான்காயிற்று. சென்னையில் மேடையேற்றி அவருக்குச் சால்வை போர்த்தினார்கள். சங்கிலிக் காசு பேச்சு வரும்போதெல்லாம், "அடுத்த கிளை தெறக்கட்டும் ஆத்தா" என்பார்.

இரண்டு மாத முன்பணம் கட்டாத வீட்டுக்கு அவர் ஆள் போகாது. கூலியை இழுத்தடித்த தோட்ட முதலாளிகளிடம் பட்டுப் படித்த சட்டம் அது. ஒரே ஒரு தடவைதான் தளர்த்தினார். கூட ஜீப் ஓட்டிய சோணை பொட்டிபுரத்தில் படுத்த படுக்கையானபோது, ராமுத்தாயைச் சும்மாவே அனுப்பினார். நாலாம் மாதம் காசுக்கார வீடு ஒன்று அவசரமாக ஆள் கேட்டது. அன்றைக்கே அவளை எடுத்துவிட்டார். சோணை முதுகெல்லாம் புண்ணாகி இருபது நாளில் போய்ச் சேர்ந்தான்.

போன ஐப்பசியில், கனத்த உடம்புக்காரர் ஒருவரைத் தூக்கும்போது அவர் அவள் மேலேயே சரிய, ராமுத்தாய் கட்டிலுக்கும் சுவருக்கும் நடுவில் விழுந்தாள். முதுகெலும்பு போயிற்று. இனி எழ வழியில்லை என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள். சிலமலை வீட்டில், மகள் சூர்யகலா மில்லுக்குப் போகாவிட்டால் அடுப்பு எரியாது. போனால் தாயைப் புரட்ட ஆளில்லை.

உக்கிரபாண்டி பணத்தோடு போனபோது வாசலிலேயே அந்த வாடை வந்தது. எத்தனையோ வீடுகளில் பிடித்த வாடை. புண் வைத்துவிட்டது.

"என்ன ஆத்தா, மகாராணி கணக்காப் படுத்துக் கெடக்க?"

"ஆமாண்ணே. ஏத்திட்டுப் போகத்தான் ஜீப்ப இன்னுங் காணோம்."

அவர் சிரிக்கவில்லை. பணக்கட்டை அவள் தலைமாட்டில் வைத்தார். "நாப்பத்தஞ்சு. ஒங்காசு."

"ரெண்டு பவுனு இன்னைக்கு என்ன வெல மாமா?" என்றாள் சூர்யகலா.

"நீ சும்மா இருடி" என்றாள் ராமுத்தாய்.

"நாளைக்கே நம்ம ஆளு வீரலட்சுமிய ஒன்னப் பாத்துக்க அனுப்புறேன். ஒங்கிட்டப் போயிக் காசு வாங்குவனா?" என்றார் உக்கிரபாண்டி.

"ஓசியா வேணாம்ணே."

"ஏன்?"

"ஓசி வீட்ல இருந்துதான மொதல்ல ஆள எடுப்பீக? சோணையண்ணே எங்கைய விடமாட்டேன்னுச்சு. ஒவ்வொரு வெரலாப் பிரிச்சு விட்டுட்டு வந்தவ நாந்தேன்."

இந்தத் தடவை எடுக்க மாட்டேன் என்று சொல்ல வாயைத் திறந்தார். கம்பத்தில் ஆள் கேட்டு மூன்று வீடு காத்திருப்பது நினைவுக்கு வந்தது.

"காசு கட்டுன வீடுன்னா ரெண்டு மாசம் நிப்பா. அதுக்கு மேல எனக்கு எதுக்கு? ஏ சூரியா, ரெண்டு மாச முன்பணம் நாப்பதாயிரத்த எண்ணி மாமா கையில குடு. வெரசாக் குடு, முதுகு எரியுது."

வேண்டாம் என்று கையைப் பின்னால் இழுக்கத்தான் நினைத்தார். ஒன்பது வருஷம் வாசல் வாசலாக நீண்டு பழகிய கை, தானாக விரிந்தது. சூர்யகலா ஐந்நூறு ஐந்நூறாக வைத்தாள். ஐம்பதைத் தாண்டியதும் கணக்குத் தப்பி, எல்லாவற்றையும் திரும்ப வாங்கி முதலிலிருந்து எண்ணினாள். ராமுத்தாய் கண்ணை மூடிக்கொண்டு கூடவே முணுமுணுத்தாள். எண்பதாவது தாள் உக்கிரபாண்டியின் உள்ளங்கையில் விழுந்தது.