நான் முன்மொழிந்த நாமினேஷன்

எங்கள் வார்டில் பஞ்சாயத்து போர்டு தேர்தல் என்றால் ஒரே ஆள்தான் நிற்பார். அவருடைய நிலத்தைத்தான் நான் விளைச்சலில் பங்கு கொடுத்து வாரத்துக்கு உழுதுகொண்டிருந்தேன். அவரை எதிர்க்க யாருக்கும் துணிவு வந்ததில்லை. அந்த வருஷம் எங்கள் தெருவிலிருந்த தையற்காரர் நின்றார். கிறிஸ்தவர், என்னைவிட நாலைந்து வயது இளையவர். கோடையில் எங்கள் தெருப் பெண்கள் குடிநீருக்கு மலையடிவாரம் வரை நடந்தார்கள். போர்டில் கேட்க ஆளிருந்தால் ஒரு கிணறு வெட்டலாம் என்பது அவர் எண்ணம்.

நாமினேஷனை முன்மொழிய வார்டில் ஓட்டுள்ள ஒருவர் வேண்டும். மற்றவர்கள் சாக்குச் சொன்ன பிறகு என்னிடம் வந்தார். எனக்குச் சாக்குச் சொல்லவும் வராது. மூன்றாம் வகுப்போடு நின்ற கையால் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.

மனுக்களைப் பரிசீலிக்கும் நாள் ஆடிக் கிருத்திகைக்கு முந்தின நாளாக அமைந்தது. வெளியூர் அதிகாரிக்கு எங்கள் ஊர் நாள் கிழமை தெரியாது. என் மகள் விஷக்காய்ச்சலில் பிழைத்ததற்காக, மூன்று நாள் பேசாமலிருந்து காவடி எடுப்பதாக நான் வேண்டிக்கொண்டிருந்தேன். அது ஊருக்கே தெரியும்.

சத்திரத்தில் மேஜை போட்டிருந்தார்கள். மனுவிலுள்ள கையெழுத்து என்னுடையதல்ல என்று நிலக்காரர் தரப்பில் ஆட்சேபணை சொன்னார்கள். அதிகாரி என்னைக் கூப்பிட்டார்.

"ஏனய்யா, இது நீ போட்ட கையெழுத்தா?"

தலையை ஆட்டினேன்.

"வாயத் தொறந்து சொல்லணும்."

நிலக்காரர் நாற்காலியிலிருந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் பக்கத்து ஆள் சிரித்தான். "தலையாட்டறது என்னங்க, எங்க வூட்டு மாடுகூடத்தான் ஆட்டும்."

"வேண்டுதல்ல கீறாருங்க. வேணும்னா இன்னொரு கையெழுத்துப் போடச் சொல்லி ஒத்துப் பாருங்க" என்று தையற்காரர் கெஞ்சினார். அதிகாரி கேட்கவில்லை. ஒரு வார்த்தை சொன்னால் போதும், இல்லையென்றால் தள்ளிவிடுவேன் என்றார்.

தையற்காரர் என் தோளில் கை வைத்தார். "பேசாதண்ணா. பொண்ணுக்காக வேண்டிக்கினது. நாம கோர்ட்டுல பாத்துக்கலாம்."

மனு தள்ளுபடியானது. எதிர்ப்பில்லை என்று நிலக்காரரையே தேர்ந்தெடுத்ததாக அறிவித்தார்கள்.

தையற்காரர் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார். வாய்தாவுக்கு வாய்தா கடையைப் பூட்டிக்கொண்டு அலைந்தார். என் சாட்சிதான் முக்கியம் என்று அவருடைய வக்கீல் சொல்லியிருந்தார்.

கூண்டில் ஏறிச் சத்தியம் செய்தேன். கையெழுத்து என்னுடையதுதான் என்றேன். எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்தார்.

"விரதம் இல்லாத நாள்லயும் இவர் பேசமாட்டார்னு ஊர்ல சொல்றாங்களே?"

எல்லோரும் சிரித்தார்கள்.

"அன்னிக்குப் பொழுது விடிஞ்சதுலேருந்து நீர் வாயே தொறக்கலையா?"

இல்லை என்று சொல்லியிருந்தால் அத்தோடு போயிருக்கும். அன்று விடியற்காலையில் எங்கள் கன்றுக்குட்டி அவிழ்த்துக்கொண்டு, காவடிக்கு வைத்திருந்த பூவை மேய்ந்துகொண்டிருந்தது. நான் மறந்துபோய், "கன்னுக்குட்டியப் புடிடி" என்று மனைவியிடம் கத்திவிட்டேன். அவள் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். விரதம் அங்கேயே முறிந்துவிட்டது. அடுத்த வருஷம் முதலிலிருந்து விரதமிருந்து தீர்த்துவிடலாம் என்று பேசிக்கொண்டோம். அதற்குப் பிறகுதான் நான் சத்திரத்துக்குப் போனேன். அதிகாரி முன்னால் நான் வாய் திறக்காததற்குக் காரணம் நிலக்காரரிடம் இருந்த பயம். விரதத்தைச் சாக்காக வைத்துக்கொண்டு நின்றுவிட்டேன்.

"ஒரு தரம் பேசினனுங்க" என்றேன்.

"சத்தமாச் சொல்லும்."

மறுபடி சொன்னேன். கன்றுக்குட்டியையும் சொன்னேன். இந்த முறை யாரும் சிரிக்கவில்லை. தையற்காரர் குனிந்து தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

விரதம் நிலைத்ததா முறிந்ததா என்பது கோர்ட்டுக்கு அவசியமில்லை, கையெழுத்தை ஒத்துப் பார்க்காமல் மனுவைத் தள்ளியது தவறு, மறுபடி தேர்தல் நடத்த வேண்டும் என்று முன்சீப் தீர்ப்பளித்தார்.

இருவரும் நடந்தே ஊர் திரும்பினோம். வழியில் தையற்காரர் கேட்டார்.

"நெலம் போய்டும்னுதான் அன்னிக்கு வாயத் தொறக்கலியா?"

"ஆங்."

"சாமிக்குன்னு நெனச்சுதாண்ணா நான் உன்னத் தடுத்தேன்."

நிலம் எப்படியும் போயிற்று. சாட்சி சொன்னதற்காக அந்த அறுப்போடு நிலக்காரர் அதை வேறு ஆளுக்குக் கொடுத்துவிட்டார்.

மறுதேர்தலில் தையற்காரர் என்னிடம் வரவில்லை. நிலக்காரரின் இடத்திலேயே கடை வைத்திருந்த பூக்காரம்மாள் முன்மொழிந்து கைநாட்டு வைத்தார். பரிசீலனை நாளில் நானும் போய்ப் பின்னால் நின்றுகொண்டேன். நிலக்காரர் அதே நாற்காலியில்தான் இருந்தார். அந்த அம்மாளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இது நீ வெச்ச கைநாட்டா?" என்று அதிகாரி கேட்டார்.

"ஆங், நான் வெச்சதுதானுங்க."

அதிகாரி குறித்துக்கொண்டு அடுத்த மனுவை எடுத்தார்.