பொத்தான் கடையில் ஒரு மூலை

பொத்தான்கார அக்காவுக்குக் கடை அப்பா வழியாக வந்தது. பத்தடிக்கு எட்டடி. பொத்தான், ஜிப், நூல்கண்டு, லேஸ் என்று துணியைத் தவிர தையலுக்கு வேண்டிய எல்லாம் அங்கே கிடைக்கும். வாடகை அப்பா காலத்தில் பேசியது. சட்டம் விட்ட அளவுக்கு ஊர்ந்து ஊர்ந்து ஏறி, இப்போது இரண்டு பேர் ஓட்டலில் உட்கார்ந்து சாப்பிட்டு எழுந்தால் ஆகிற தொகையில் நின்றது. கட்டடக்காரப் பெரியவர் முனகிக்கொண்டேதான் வாங்கிக்கொள்வார். "உனக்கு நான் வாடகை கொடுக்கிற மாதிரி இருக்கும்மா" என்பார். அதில் நியாயம் இல்லாமலில்லை என்று அக்காவுக்கும் தெரியும். தெரிந்து என்ன செய்ய? அதே தெருவில் வேறு கடை எடுத்தால், மலை மலையாகப் பொத்தான் விற்றாலும் வாடகைக்குக் காணாது.

தங்கை புருஷன் வீட்டிலிருந்து ஒரேயடியாகத் திரும்பி வந்தது அந்தக் கடைக்குத்தான். ஒரு பெட்டி, ஒரு தையல் மிஷின். அக்கா ஜன்னலோர மூலையை ஒழித்துக் கொடுத்தாள். பழைய துணிகளைப் பிரித்து அளவு மாற்றித் தைப்பதில் தங்கைக்குக் கை நல்ல கை. ஆனால் ஓர் ஊசி எடுப்பதற்குக்கூட, "எடுத்துக்கட்டுமாக்கா?" என்று கேட்பாள். ஏழு வருஷம் கேட்டுக் கேட்டே வாழ்ந்த பழக்கம்.

ஒருநாள் அக்காவுக்குப் பொறுக்கவில்லை. "இதோ பாரு, இந்த மூலை உன்னோடது. வர்றது போறது எல்லாம் உன் பாடு. என்கிட்ட எதுவும் சொல்லவும் வேணாம், கேட்கவும் வேணாம்" என்றாள். சொன்னதோடு நிற்காமல், தங்கை பேரில் ரசீதுப் புத்தகம் அடித்துக் கொடுத்தாள். ஒரு பலகையும் எழுதச் சொன்னாள். தங்கையின் பேர், அதன் கீழே 'உரிமையாளர்'. பலகை மாட்டிய அன்று தங்கை நடுத்தெருவில் நின்று அதையே பார்த்துக்கொண்டிருந்ததில், பின்னால் வந்த பஸ்காரன், "வீட்டுல சொல்லிட்டு வந்துட்டியாம்மா?" என்று கத்திவிட்டுப் போனான்.

பெரியவர் போய்ச் சேர்ந்தார். கட்டடம் மகனுக்கு வந்தது. அவர் நல்ல மாதிரியாகவே வந்து, நலம் விசாரித்து, பலகையை செல்போனில் படம் எடுத்துக்கொண்டு போனார். அடுத்த வாரம் நோட்டீஸ் வந்தது. கடையைத் தங்கைக்கு உள்வாடகைக்கு விட்டிருக்கிறாள், காலி செய்ய வேண்டும்.

"சொந்தக் காசுல சூனியம் வெச்சுக்கிட்டீங்களேம்மா" என்றார் வக்கீல். "தங்கச்சி உங்ககிட்ட கூலிக்கு வேலை செய்யறாங்கன்னு ரெண்டு பேரும் சொல்லுங்க. பலகை சும்மா ஆள் இழுக்கப் போட்டதுன்னு சமாளிக்கலாம்."

அக்காவுக்கு முகம் சுருங்கிவிட்டது. தங்கைதான் சிரித்தாள். "சொல்லேன்க்கா. நான் என்ன தேஞ்சா போயிடுவேன்? கடை இருந்தாத்தானே மூலை?"

கூண்டில் ஏறும்போது வாய் தடுக்கும் என்று அக்கா பயந்திருந்தாள். தடுக்கவே இல்லை.

"கூடப் பிறந்தவதான். ஆனா கடையில கூலி ஆளுங்க" என்றாள். எதிர்வக்கீல் நம்பாத மாதிரி பார்த்ததும் இன்னும் கொஞ்சம் சேர்த்தாள்: "கொஞ்சம் மந்தம். பக்கத்துலயே நின்னு வேலை வாங்கணும். போக்கிடம் இல்லாம வந்தவ, பாவம்னு வெச்சிருக்கேன்." சம்பளம் எவ்வளவு என்று கேட்டார். நாக்கில் வந்த ஒரு தொகையைச் சொன்னாள்.

தங்கையைக் கூப்பிடும்வரை வெளியே உட்கார வைத்திருந்தார்கள். அவள் ஏறியதும் எதிர்வக்கீல், அக்கா சொன்னதை, சம்பளத்தை மட்டும் விட்டுவிட்டு, வார்த்தைக்கு வார்த்தை நிதானமாகப் படித்தார். மந்தம். போக்கிடம் இல்லாதவள். பாவம். "சரிதானேம்மா?"

"சரிதாங்க."

"சம்பளம் எவ்வளவு?"

தங்கை அக்காவைப் பார்த்தாள். எல்லாவற்றையும் ஒத்திகை பார்த்தவர்கள் அதை மட்டும் பேசி வைத்துக்கொள்ளவில்லை. இருவருக்குள்ளும் காசுப் பேச்சு என்றைக்கும் இருந்ததில்லையே. "அக்கா சொன்னதுதாங்க" என்றாள். பெஞ்சில் யாரோ சிரித்தார்கள். நீதிபதி, தொகையை அவள் வாயால் சொல்லச் சொன்னார். அவள் சொன்னது அக்கா சொன்னதில் பாதிகூட இல்லை. அவ்வளவுதான் தன் பெறுமானம் என்று நினைத்தாளோ என்னவோ.

அங்கேயே வழக்கு முடிந்துபோயிற்று. மற்றதெல்லாம் காகிதம்.

பஸ் நிறுத்தத்தில் தங்கை, "முதலாளியம்மா, பஸ் வருது" என்றாள். இருவரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். பஸ்ஸில் ஏறியதும் தங்கை தள்ளிப் போய் முன்சீட்டில் உட்கார்ந்தாள். அக்காவின் பக்கத்தில் இடம் இருந்தது.

காலி செய்ய மூன்று மாதம் தவணை கொடுத்தார்கள். கடைசி வாரம் பொத்தான் டப்பாக்களை மூட்டை கட்டும்போது தங்கையிடமிருந்து கேட்டதற்கு மட்டும் பதில். நூல் வேண்டியிருந்தபோது, "எடுத்துக்கட்டுமாக்கா?" என்றாள். வேண்டுமென்றே கேட்டாளா, பழக்கத்தில் வந்ததா என்று அக்காவால் கண்டுபிடிக்க முடியவில்லை.

இப்போது தங்கைக்கு வேறு ஊரில், முந்நூறு பேர் வரிசையாகத் தைக்கிற கம்பெனியில் வேலை. சட்டைக் காலர் மட்டும். பக்கத்திலேயே ஹாஸ்டல். அக்கா வீட்டிலிருந்தே அக்கம்பக்கத்துக்கு ஜிப் மாற்றிக் கொடுக்கிறாள். பொத்தான் மூட்டைகள் கட்டிலுக்கடியில் கிடக்கின்றன.

தினமும் மதியம் ஒன்றிலிருந்து ஒன்றரை வரை தங்கைக்குச் சாப்பாட்டு நேரம். அப்போதுதான் போனில் பேச முடியும். ஒருநாள், சொல்ல வேண்டியதை அக்கா காலையிலிருந்து மனதுக்குள் சொல்லிப் பார்த்து வைத்திருந்தாள்.

"சாப்பிட்டியா?"

"ம். நீ?"

"ஆச்சு. ஏய்... அன்னிக்கு கோர்ட்டுல நான்..."

"மணி அடிச்சிட்டாங்கக்கா. வெச்சிடறேன்."

அக்கா சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். மணி ஒன்றேகால்.