கை மட்டும் வந்த படம்

எனக்கு வயது எழுபத்திரண்டு. காப்பித் தோட்டத்துக் கூலியிலேயே ஐந்து பிள்ளைகளை வளர்த்தேன்.

தலைச்சோலைப் பக்கம் எங்கள் எஸ்டேட்டுக்குப் படம் எடுக்க ஒரு பெண் வந்தாள். அகன்ற கண்கள், புருவத்தில் ஒரு தழும்பு. முன்பு நாட்டியம் ஆடியவளாம். கேமராவுக்குப் பின்னால் நிற்கும்போதும் கால் தாளம் போட்டுக்கொண்டே இருக்கும்.

“ஏனுங் அம்மிணி, ஆட்டத்தை எதுக்கு உட்டீங்க?” என்று கேட்டேன்.

“கடைசி வரிசையிலயே நிறுத்துனாங்கம்மா. என் முகம் யாருக்குமே தெரியல. அதான் சொந்தமா படம் எடுக்க வந்துட்டேன்.”

மனம் இளகி, அவள் சொன்னபடியெல்லாம் பழம் பறித்துக் காட்டினேன்.

அடுத்த வருடம் படத்தைக் கொண்டுவந்து எஸ்டேட்டிலேயே போட்டாள். பிள்ளைகளையெல்லாம் வரச் சொல்லியிருந்தேன். படத்தில் என் கைகள் வந்தன, மேடேறும் கால்கள் வந்தன. முகம் வரவே இல்லை. “மோதிரத்தை வெச்சுத்தான் அம்மான்னு கண்டுபுடிச்சேன்,” என்று மூத்தவன் சிரித்தான்.

“என்ற மூஞ்சி எங்க கண்ணு?” என்றேன் அவளிடம்.

“உங்க கையே பேசுதேம்மா!”

“ஏன், எனக்கு வாயில்லீங்களா?”

தாளம் போட்ட கால் நின்றது. கடைசி வரிசையில் நின்றவளுக்கே இது தெரியாமல் போனது எப்படி என்று இன்றும் எனக்கு விளங்கவில்லை.

இத்தனையும் எழுதி முடித்ததும் பேத்தியைக் கூப்பிட்டேன். “இதப் படிச்சுக் காட்டு சாமி. படமெடுத்தவ மூஞ்சிய உடாம எழுதியிருக்கறனான்னு பாக்கோணும்.”