டென்னிஸ்காரம்மாவின் வேன்

லூர்தம்மாள் கோபக்காரி என்று புதுக்கோட்டையில் எல்லோரும் சொல்வார்கள். எதற்குக் கோபம் என்று கேட்டவர்கள் குறைவு.

அவளுடைய அப்பா செபமாலை சமஸ்தானத்தில் ரோடு இன்ஜினியர். மகள் திருச்சி கான்வென்டில் படிக்கும்போதே டென்னிஸ் ஆடப் பழகினாள். சமஸ்தானம் இந்தியாவோடு இணைந்த 1948இல் திருச்சியில் பெண்களுக்கான கோப்பையையும் வென்றாள். ஆனால் சொந்த ஊர் கிளப்பில் பெண்களுக்கு ஒதுக்கிய நேரம் மத்தியானம் இரண்டு மணி. தரை கொதிக்கும். வெயில் தாழ்ந்து ஆண்கள் வந்ததும் அவள் வெளியேற வேண்டும்.

கிளப் செயலாளர் வக்கீல் நாகராசு ஒருநாள், "ஜெயிச்சது போதும்மா. கல்யாணத்தப் பாருங்க" என்றார்.

"ஒரு செட் ஆடிட்டு அதச் சொல்லுங்க."

ஆடினார். ஆறுக்கு ஒன்று என்று தோற்றார். மறுவாரமே, பெண்களுக்கு ஆட்டம் கிடையாது என்று கிளப் வாசலில் போர்டு தொங்கியது.

அப்பா இறந்தபின் அவருடைய பழைய காரை லூர்தம்மாளே ஓட்டினாள். 1953 கோடையில் ஒரு சாயங்காலம் ராக்கன் மூச்சிரைக்க அவள் வீட்டுக்கு ஓடி வந்தான். கிளப்பில் கோடு போட்டு, வலை கட்டி, பந்து பொறுக்குகிறவன் அவன். அன்னவாசல் பக்கத்துக் கிராமத்தில் அவன் மனைவி சின்னப்பிள்ளைக்கு முதல்நாளிலிருந்து பிரசவ வலி.

"கிளப்புல அஞ்சு காரு நிக்குதும்மா. கேட்டேன். சீட்டு அழுக்காயிரும்னுட்டாங்க."

மேலே எதுவும் கேட்டு நிற்காமல் லூர்தம்மாள் காரை எடுத்தாள். போய்ச் சேர்ந்தபோது சின்னப்பிள்ளைக்கு நினைவில்லை. தூக்கி ஏற்றிப் பாதி வழி வருவதற்குள் உயிர் போய்விட்டது. பிள்ளையும் பிழைக்கவில்லை.

சின்னப்பிள்ளையின் உடலையும் ராக்கனையும் ஊரில் கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டு, ரத்தக்கறைப் புடவையோடு நேரே கிளப்புக்கு வந்தாள். விளக்கு வெளிச்சத்தில் மேஜை போட்டுச் சீட்டாடிக்கொண்டிருந்தார்கள்.

"யாரு காரு அழுக்காயிருக்கும்? சொல்லுங்க."

சீட்டைப் பார்த்தபடியே ஆட்டத்தைத் தொடர்ந்தார்கள். நாகராசுதான், "காலையில பேசலாம்மா. வீட்டுக்குப் போங்க" என்றார்.

அவள் போனாள். மைதானத்துக்கு. புல் வெட்டும் அரிவாளை எடுத்து வலையைக் கண்டதுண்டமாக அறுத்துப் போட்டாள். கிளப்காரர்கள் போலீஸில் எழுதிக் கொடுத்தார்கள். கோர்ட்டில் அபராதம் விதித்தபோது, இன்னொரு வலை கட்டினால் அதையும் அறுப்பேன் என்றாள்.

அதன்பின் அவள் மட்டையைத் தொடவில்லை. அன்னவாசல் ரோட்டில் அப்பா கட்டிய வீட்டைப் பிரசவ விடுதியாக்கினாள். ஒரு நர்சை அமர்த்தினாள். அப்பாவின் காரை விற்று, ராணுவம் கழித்துக்கட்டிய வேன் ஒன்றை ஏலத்தில் எடுத்துத் தானே ஓட்டினாள். சித்தன்னவாசல் மலையடி ஊர்களில் அவளுக்கு டென்னிஸ்காரம்மா என்றே பெயர். கிளப்பை விட்டு வந்துவிட்ட ராக்கன் பக்கத்தில் உட்கார்ந்து வழி சொல்வான்.

யாராவது புண்ணியவதி என்றால் அவளுக்குப் பிடிக்காது. "இருக்கிற காரக் குடுத்திருந்தா எனக்கு இந்த வேலையே இல்ல" என்பாள்.

1961இல் கிளப்பில் அவளுக்குப் பாராட்டு விழா நடத்த நினைத்தார்கள். நாகராசு நேரில் வந்தார். லூர்தம்மாள் கேட்டைத் திறக்கவில்லை.

"சால்வை வேணாம். வேன் ரிப்பேர்ல கெடக்கு. சரியாகிற வரைக்கும் ஒங்க கார அனுப்புங்க."

"பாக்குறேம்மா" என்று போனார். கார் வரவில்லை.

வேன் சரியாகும்வரை, அழைப்பு வந்தபோதெல்லாம் அவள் ரோட்டின் நடுவில் போய் நின்றாள். வருகிற காரை மறித்துக் கதவைத் திறந்து உட்கார்ந்துகொண்டு, "பிரசவ வலி. வண்டியத் திருப்புங்க" என்பாள். யாருடைய கார் என்று பார்த்ததில்லை. மாட்டேன் என்று சொல்ல ஒருவரையும் விட்டதில்லை.