சேலைக்குப் பின்னால் காய்ந்த நீச்சலுடை

கட்டட வேலைக்காகக் கோச்சடையில் ஒரு மொட்டைமாடித் தகரக் கொட்டகையில் சில மாதங்கள் இருந்தேன். கீழ்வீட்டுப் பெண் ஒல்லியானவர், வேகமாக நடப்பார். மகள் நீச்சல் பயிற்சி முடிந்து வந்ததும் அவளுடைய நீச்சலுடையோடு மாடிக்கு வருவார். குளோரின் வாடை போகும்வரை பச்சைத் தண்ணீரில் அலசுவார். முறுக்கிப் பிழியாமல் துண்டில் சுருட்டி அமுக்குவார். பிறகு கொடியில் கிடக்கும் சேலைக்குப் பின்னால் நிழலில் காயப்போடுவார்.

"வெயில்ல போட்டாச் சீக்கிரம் காயுமேம்மா?" என்று ஒருநாள் கேட்டேன்.

"எலாஸ்டிக் செத்துப்போகும்ணே. அதுபோக எதிர்வீட்டுல இருக்கது என் பெரிய கொழுந்தனாரு, எங்க வீட்டுக்காரரோட அண்ணன். அவரு கண்ணுல பட்டா அம்புட்டுத்தான், பிள்ளைய நீச்சலுக்கு விடமாட்டாக" என்று சிரித்தார்.

ஒரு மதியம் காற்றில் சேலை விலகிவிட்டது. மாலையில் கீழே கொழுந்தனார் கத்தினார்.

"வயசுக்கு வந்த பிள்ளைக்கு இதென்ன கூத்து? நாளையிலருந்து அவ போகக் கூடாது!"

"சரிண்ணே" என்றார் அவள் அப்பா.

மறுநாள் உச்சிவெயிலில், மாடியின் தெருவோரக் கைப்பிடிச் சுவரில் கீழ்வீட்டுப் பெண் அந்த உடையை விரித்துக் கல் வைத்துக்கொண்டிருந்தார்.

"நிழல்ல போடலையாம்மா?"

"இனி எதுக்குண்ணே நெழலு? நல்லாப் பாக்கட்டும்."

அவர் இறங்கியதும் அதை எடுத்து நிழலில் போட்டேன். வேலை முடிந்து வந்தபோது மறுபடியும் சுவரில் கிடந்தது.

நான் கொட்டகையைக் காலி செய்த நாளிலும் அது வெளுத்து, விறைத்து அங்கேயே இருந்தது. எதிர்வீட்டு ஜன்னல்தான் சாத்தியிருந்தது.