குளிர் அறைக் கதவும் ஒரு ஜோடி நீலச் செருப்பும்

ததேயூஸை எனக்குப் பிடிக்காது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், அப்புறம் யாரும் ஜிஜா மறைத்துவைத்தாள் என்று சொல்லக்கூடாது. பதினொரு வருஷம் ஒரே இடத்தில் வேலை பார்த்தோம். அதில் ஒரு நாளாவது அந்த மனுஷன் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. எப்போதும் "எட்டீ" தான். "எட்டீ, உனக்குக் கண்ணு தெரியாதா? எட்டீ, கதவ அடச்சுத் தொல!"

கோட்டுகாலில் மீன் வைக்கிற குளிர் கிடங்கு அது. நான் ஆரியங்கோட்டிலிருந்து இரண்டு பஸ் மாறி வருகிறவள். உள்ளே போகிற பெட்டிகளைக் குறித்துக்கொள்வதும், பெரிய கதவைத் திறந்து அடைப்பதும் என் வேலை. கதவுக்கு இந்தப் பக்கம் சட்டை முதுகில் ஒட்டுகிற வெக்கை. அந்தப் பக்கம் பூஜ்யத்துக்குக் கீழே பதினெட்டு டிகிரி. அதற்குள் போய்க் கணவாய்ப் பெட்டியும் இறால் பெட்டியும் அடுக்குகிறவர் ததேயூஸ்.

ஆள் கடலோரத்துக்காரர். அப்பா, அண்ணன்மார் எல்லோரும் கடலுக்குப் போகிறவர்கள். இவருக்கு மட்டும் வள்ளத்தில் ஏறினால் குடல் வெளியே வந்துவிடும். முதல் நாளே வலைமேல் வாந்தியெடுத்தாராம். கரையில் இன்றைக்கும் அதைச் சொல்லிச் சிரிக்கிறார்கள். இருபத்தைந்து வயதில் கிடங்குக்கு வந்தவர், இப்போது நாற்பத்தெட்டு. அந்தச் சிரிப்பைக் கேட்டுக் கேட்டுத்தான் மனுஷன் இப்படி ஆகிவிட்டார் என்று பாக்கிங் பிரிவில் இருக்கும் பின்சி இரக்கப்படுவாள். எனக்கு அந்த இரக்கமெல்லாம் வரவில்லை. சிரித்தவர்களைத் திட்டவேண்டியதுதானே, என்னை எதற்குத் திட்டவேண்டும்?

அவருக்கு ஒரு பைத்தியம் உண்டு. பனிப்படம். துருவத்துக்கு நடந்துபோகிறவர்கள், கப்பல் உறைபனியில் மாட்டிக்கொண்டவர்கள், பனிமலையில் விமானம் விழுந்து பிழைத்தவர்கள் என்று உலகத்தில் எத்தனை படம் உண்டோ அத்தனையும் பார்ப்பார். மத்தியானம் சாப்பிடும்போது பின்சியின் போனில் ஓடவிட்டு, நாங்கள் எல்லோரும் கூடித்தான் பார்ப்போம். படமா பார்க்கவிடுவார்?

"கண்டியா, கையுறையக் கழத்திப் போட்டுட்டு பொண்டாட்டிக்கு லெட்டர் எழுதுதான். நாலு நிமிஷத்துல விரலு மரக்கட்ட ஆவும். அதவச்சு இவன் ஒரு கோடு போடுவானா?"

"அண்ணா, ஒண்ணு மிண்டாம இருங்க, வசனம் கேக்கல்ல," என்பாள் பின்சி.

"வாயில புகை இல்ல. மூக்கு ஒழுகல்ல. இது பனியில்ல, பவுடராக்கும். பின்ன இவன் இவ்வளவு வசனம் பறயுதானே, குளிருல வாய் கோணும், வார்த்த வராது. எனக்கிட்ட கேட்டிருந்தா நான் சொல்லிக் குடுத்திருப்பேனே."

கதாநாயகன் களைத்துப்போய்ப் பனியில் உட்காரும்போது பின்சி கண்ணைத் துடைப்பாள். இவர் கையை உதறுவார். "உக்காந்தவன் போனான். நடக்கவன் பிழைப்பான். இதுகூடத் தெரியாதவன துருவத்துக்கு ஆரு அனுப்பினா?" அதோடு எங்கள் சாப்பாடும் படமும் நாசம்.

இனி செருப்புக் கதை. குளிர் அறைக் கதவுக்கு வெளியே கறுப்பு ரப்பர் மேட் ஒன்று கிடக்கும். உள்ளே போகிறவர்கள் செருப்பை அதில் கழற்றிவிட்டு, கம்பூட் மாட்டிக்கொண்டுதான் போகவேண்டும். மேட்டில் செருப்பு கிடந்தால் உள்ளே ஆள் உண்டு, கதவை அடைக்கக்கூடாது. செருப்பு இல்லையென்றால் அடைக்கலாம். எழுதிவைத்த சட்டமில்லை, ததேயூஸ் கொண்டுவந்த பழக்கம். நான் வேலைக்குச் சேர்ந்த வாரம், அவசரத்தில் செருப்போடு உள்ளே போய்விட்டேன். வெளியே வந்ததும் அதைக் காலிலிருந்து கழற்றச்சொல்லி, முற்றத்து மழையில் தூக்கி வீசினார். லோடிங்காரர்கள் அத்தனை பேரும் பார்த்துக்கொண்டு நின்றார்கள். வெறுங்காலோடு சேற்றில் போய்ப் பொறுக்கினேன். அன்றைக்குப் பிடித்த கோபம் எனக்கு. அது இறங்கவேயில்லை.

அந்தச் சனிக்கிழமை கிடங்குக்குப் படம் எடுக்கிறவர்கள் வந்தார்கள். ஆன்சன் என்று ஒரு பையன், கோட்டுகால்காரன்தான், கல்லூரியில் படம் பிடிக்கப் படித்தவன். துருவத்தில் மாட்டிக்கொண்ட நான்கு பேரைப் பற்றிக் குறும்படம். பனிக்கு எங்கே போவது? மேனேஜரின் காலைப் பிடித்துக் குளிர் அறையை அரைநாளைக்கு வாங்கிவிட்டான். ததேயூஸுக்குத் தலைகால் புரியவில்லை. காலையிலேயே வந்து நின்றுகொண்டு, "வெள்ளம் தொட்டு மூக்குல தேய்ங்கடா, மீசையில ஐஸ் வேணும்டா" என்று அவர்களை வாட்டி எடுத்தார். ஹீரோவுக்குக் கொடுக்க நல்ல கோட்டு இல்லையென்றதும் தன் குளிர்கோட்டையே கழற்றிக் கொடுத்தார். அவர்கள் எல்லோரும் வந்த ஷூவோடு உள்ளே போனதைப் பார்த்துத்தான் கத்தினார். "செருப்பு வெளிய இல்லேங்கி உள்ள எத்தன பேருன்னு கதவுக்காரிக்கு எப்படிடா தெரியும்?"

"அண்ணா, நாங்க அஞ்சு பேரும் ஒண்ணாப் போவோம், ஒண்ணா வருவோம்," என்றான் ஆன்சன்.

கதவு திறந்ததும் குளிர்ப்புகை தரையில் உருண்டு வெளியே வருவதை எடுக்கவேண்டும் என்றார்கள். கேமரா வாசலுக்கு நேரே. மேட்டில் ஒரே ஒரு ஜோடி. வார் அறுந்து ஊக்கு குத்திய நீலச் செருப்பு. ததேயூஸுடையது, விளக்கு வைத்துக்கொடுக்க உள்ளே போயிருந்தார்.

"அக்கா, இத ஒண்ணு மாத்தித் தருவியளா? துருவத்துல ஹவாய் செருப்பு கெடந்தா ஆளுவ சிரிக்கும்," என்றான் ஆன்சன்.

எனக்கும் சிரிப்பு வந்தது. குனிந்து எடுக்கவில்லை. காலாலேயே தள்ளிக்கொண்டு போய் ஐஸ் உடைக்கிற மிஷினுக்குப் பின்னால் உதைத்துவிட்டேன். அதில் எனக்கு ஒரு சுகம் இருந்தது. இருந்தது, இல்லையென்று சொல்லமாட்டேன்.

அரைமணி நேரம் கழிந்து ஐந்து பேரும் பல்லைக் கடித்துக்கொண்டு வெளியே ஓடிவந்தார்கள். ஒரு கேமராவை மட்டும் உள்ளே ஓடவிட்டிருந்தார்கள், ஒரு கண்ணாடித் தட்டில் உறைபனி படிவதை எடுக்க. "அடச்சிடுங்க அக்கா, ஒரு மணிக்கூர் கழிஞ்சு எடுக்கலாம்," என்றான் ஆன்சன். நான் மேட்டைப் பார்த்தேன். காலியாகக் கிடந்தது. கதவை இழுத்து அடைத்துக் கொளுத்தைப் போட்டேன். பதினொரு வருஷப் பழக்கம், கண் பார்த்தது, கை செய்தது. அரைமணி முன்னால் என் கால் செய்த வேலை எனக்கு ஞாபகமே வரவில்லை.

ததேயூஸ் கடைசி வரிசைக்குப் பின்னால், பெட்டிகள்மேல் அவர்கள் போட்டிருந்த விளக்கு ஒயரைக் கழற்றிக்கொண்டிருந்தார். உடம்பில் கோட்டு இல்லை. உள்ளேயிருந்து திறக்கிற குமிழ் உடைந்து மூன்று வாரம். அதை மாற்றச்சொல்லி மேனேஜரிடம் தினமும் சண்டை போட்டதும் அவர்தான். அந்தக் கதவில் உள்ளேயிருந்து எவ்வளவு தட்டினாலும் கம்பிரஸர் சத்தத்தில் வெளியே கேட்காது.

நாங்கள் சாப்பிட உட்கார்ந்தோம். பின்சி மரச்சீனிக் கிழங்கும் மத்திக்கறியும் பங்குவைத்து, போனில் படத்தை ஓடவிட்டாள். ஒருவன் பனிக்கூடாரத்தில் கையுறையைக் கழற்றிவிட்டு எழுதத் தொடங்கினான். வழக்கமான வசவுக்காகக் காத்திருந்தேன். வரவில்லை. ஆகா, இன்றைக்காவது ஒரு படத்தை நிம்மதியாகப் பார்க்கலாம் என்று நினைத்தேன். பார்க்கவும் செய்தேன். நாற்பது நிமிஷம் பார்த்தேன்.

அப்போது ஆன்சன் கையில் கோட்டோடு வந்தான். "அக்கா, அண்ணனுக்க கோட்டு. அண்ணன் எங்க?"

சோற்றுக்கையோடு ஓடினேன். கொளுத்து வழுக்கியது, திறக்க மூன்று முறை இழுக்கவேண்டியிருந்தது. ததேயூஸ் நின்றுகொண்டிருந்தார். உட்காரவில்லை. கதவிலிருந்து பெட்டிவரை, பெட்டியிலிருந்து கதவுவரை, காலை இழுத்து இழுத்து நடந்துகொண்டேயிருந்தார். கதவு திறந்தது தெரிந்தும் நடை நிற்கவில்லை. உதடு நீலம், புருவத்தில் வெள்ளை. ஆன்சன் கட்டிப்பிடித்துத்தான் நிறுத்தினான்.

இடது கையில் இரண்டு விரலின் நுனியை ஆஸ்பத்திரியில் எடுத்துவிட்டார்கள். கதவை அறைந்த கை அது. அவர் மனைவி பிரிஜித் வாசலில் என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீயாக்கும் தொறந்தது, தெய்வம் உன்ன நல்லா வைக்கும் மக்களே," என்று அழுதாள். நான் கையை விடுவித்துக்கொண்டு பஸ்ஸுக்கு நடந்தேன். மேனேஜர் திங்கட்கிழமை ஒரு காகிதம் எழுதினார். தொழிலாளி கவனக்குறைவாகச் செருப்பை உரிய இடத்தில் விடாததால் நேர்ந்த விபத்து. உடைந்த குமிழைப் பற்றி ஒரு வரி இல்லை. செருப்பை மாற்றக் கேட்ட ஆன்சனை யாரும் விசாரிக்கவுமில்லை. சாட்சிக் கையெழுத்துக்கு என்னிடம் நீட்டினார். போட்டேன்.

ஒரு மாதம் கழித்து ததேயூஸ் வேலைக்கு வந்தார். யாரையும் திட்டவில்லை. மேட்டில் செருப்பை விட்டுவிட்டு, இரண்டடி போய், திரும்பிவந்து அது கிடக்கிறதா என்று பார்த்துவிட்டுப் போவார். ஒரு நாளைக்கு ஏழெட்டுத் தடவை இப்படி. பார்க்கச் சகிக்கவில்லை.

ஒரு நாள் மத்தியானம் ஆன்சன் லேப்டாப்போடு வந்தான். உள்ளே ஓடிக்கொண்டிருந்த கேமரா எல்லாவற்றையும் பிடித்திருந்தது. அண்ணன் சம்மதித்தால் படத்தில் சேர்க்கலாம், இல்லையென்றால் அழித்துவிடுகிறேன் என்றான். "போடு, பாப்போம்," என்றார் ததேயூஸ்.

பார்த்தோம். அவர் நடக்கிறார். வாயிலிருந்து புகை கட்டிக் கட்டியாக வருகிறது. மூக்கு ஒழுகி மீசையில் உறைகிறது. கதவருகே வரும்போதெல்லாம் கையால் அறைந்து, "ஜிஜா, செருப்பப் பாரு. ஜிஜா, மேட்டுல பாரு," என்கிறார். எட்டீ இல்லை, ஜிஜா. போகப்போக வாய் கோணி, பெயர் குழைந்து, கடைசியில் வெறும் "பாரு, பாரு" மட்டும் கேட்டது.

பின்சி முகத்தை மூடிக்கொண்டாள். ததேயூஸ் கட்டுப்போட்ட கையால் திரையைக் காட்டினார்.

"இதுவும் கள்ளப்படமாக்கும். சாவப் போறவன் இப்படியா நடப்பான்? இவனுக்குப் பயமே இல்ல. வெளிய செருப்பு கெடக்கு, அவ பாப்பா, தொறப்பான்னு நெனச்சிட்டு நடக்கான். மண்டன். செருப்ப எங்க விட்டான்னு இவனுக்கே ஓர்ம இல்ல."

அதற்குமேல் என்னால் முடியவில்லை. "மேட்டுலதான் விட்டிய அண்ணா. நானாக்கும் மாத்தினது. காலால தள்ளிக் கொண்டு போட்டேன்."

இப்போது விழும் வசவு, விழட்டும் என்று தலையைக் குனிந்து நின்றேன். விழவில்லை. லேப்டாப்பை மெதுவாக மூடினார். "அழிச்சிடு மக்கா," என்று ஆன்சனிடம் சொல்லிவிட்டு எழுந்து போனார்.

மேனேஜரிடமும் சொன்னேன். அவர் காகிதத்தை மாற்றவில்லை, குமிழை மட்டும் மாற்றினார். ததேயூஸ் இப்போது என்னை எட்டீ என்று கூப்பிடுவதில்லை. "கதவு ஒண்ணு தொறக்கணுமே, நீங்க," என்கிறார். எனக்குச் செத்துப்போகலாம் என்று இருக்கும். செருப்பை இன்றைக்கும் மேட்டில்தான் விடுகிறார். ஆனால் உள்ளே போகுமுன் ஒரு சிமென்ட் கட்டையை உருட்டிக்கொண்டு வந்து கதவிடுக்கில் வைக்கிறார். குளிர் வீணாகிறது என்று மேனேஜர் கத்துகிறார், அவர் கேட்பதில்லை. நான் பாக்கிங்குக்குப் போய், எனக்குப் பதில் பின்சி கதவு பார்க்கிற நாட்களில் அந்தக் கட்டை சுவரோரமாகவே கிடக்கும்.