பாட்டரிக்குக் காட்டிய கற்பூரம்

ஆயுத பூஜையன்று என் டாக்ஸியின் பாட்டரி இறங்கிவிட்டது. இரவல் சார்ஜர் வாங்கி வந்து, மந்தைவெளி வீட்டுக் கூடத்திலேயே மாட்டினேன். சீக்கிரம் ஏறட்டும் என்று கரண்ட்டை முழுசாகத் திருகி வைத்தேன். பூஜை வேளையில் பாட்டரி உலைத் தண்ணீர் போலக் கொதித்தது. நன்றாக ஏறுகிறது என்று பூரித்துப்போய், சந்தனப் பொட்டு வைத்து, கற்பூரத் தட்டை அதன் அருகே நீட்டினேன்!

சுண்டலுக்காக வந்திருந்த பக்கத்து வீட்டு மெக்கானிக் அந்தோணி, "ஐயோ, வெடிச்சிடும் நைனா!" என்று கத்தி என்னைப் பிடித்து இழுத்தார். அதே நொடியில் டமார்! பாட்டரி பிளந்து, நான் நின்றிருந்த இடத்துச் சுவரில் ஆசிட் தெறித்தது.

சார்ஜரின் பிளக்கைப் பிடுங்கிவிட்டு அந்தோணி சொன்னார்: "மொதல்ல வேகமா ஏத்தலாம். குமிழி கெளம்பிச்சின்னா கரண்ட்டைக் கொறைக்கணும். கடைசில சொட்டுச் சொட்டாத்தான் வுடணும். அந்தக் குமிழியில இருக்கிறது தீப்பிடிக்கிற வாயுப்பா!"

இப்போது குமிழியைக் கண்டதும் கரண்ட்டைக் குறைத்துவிடுகிறேன். ஆயுத பூஜையில் கற்பூரம் காருக்கு மட்டும்தான். பாட்டரிக்கு ஒரு செம்பருத்தி. அதையும் எட்ட நின்றுதான் வைக்க வேண்டும் என்கிறாள் என் மனைவி!